பாளையங்கோட்டை நண்பருக்கு: பண்பாட்டு நூல்களை வாசிப்பது குறித்து

பெரம்பூர்,
சென்னை – 11

அன்புள்ள சண்முகம்,

உன் கடிதம் பொங்கலுக்கு முந்திய வாரம் வந்து சேர்ந்தது. நந்தனத்தில் புத்தகக் கண்காட்சி நடந்துகொண்டிருந்ததால், நீ கேட்டிருந்த நூல்களில் எவை இப்போது அச்சில் கிடைக்கின்றன என்று பார்த்துவிட்டுப் பதில் எழுதலாம் என்று காத்திருந்தேன். வீட்டில் அனைவரும் நலம். கமலாவுக்குக் கண் அறுவை நல்லபடியாக முடிந்துவிட்டது. இப்போது என்னைவிட வேகமாகச் செய்தித்தாள் படிக்கிறாள். உன் மூட்டுவலி குறைந்திருக்கிறதா? அதைப் பற்றி ஒரு வரிகூட நீ எழுதவில்லை.

கல்லூரி மாணவர்களைச் சேர்த்து ஒரு வாசிப்பு வட்டம் தொடங்கியிருக்கிறாய் என்பதைப் படித்தபோது எனக்கு ஏற்பட்ட மகிழ்ச்சி பெரிது. பண்பாட்டையும் சமூகத்தையும் சேர்த்துப் பார்க்கும் நூல்களை எந்த வரிசையில் கொடுப்பது என்று கேட்டிருந்தாய். அந்தக் கேள்வியைவிட, கடிதத்தின் நடுவில் நீ எழுதியிருந்த இன்னொரு செய்திதான் என்னை அதிகம் யோசிக்க வைத்தது. மாணவர்கள் பண்பாட்டு ஆய்வாளர் தொ. பரமசிவனை விரும்பிப் படிக்கிறார்கள். ஆனால் படித்து முடித்ததும், "நம் முன்னோர் எல்லாவற்றையும் அறிந்திருந்தார்கள்" என்ற ஒற்றை முடிவோடு எழுந்து போகிறார்கள் என்று எழுதியிருந்தாய். இங்கும் அதே நிலைதான். 2020 டிசம்பரில் அவர் மறைந்த பிறகு அவருடைய எழுத்து இதற்கு முன் எட்டாத வீடுகளுக்கெல்லாம் போய்ச் சேர்ந்திருக்கிறது. அது நல்லது. ஆனால் கைபேசி வழியே துண்டு துண்டாகப் பரவும்போது அவர் கேட்ட கேள்விகள் உதிர்ந்துபோய், பெருமைப்படுவதற்கான தகவல்கள் மட்டும் மிஞ்சிவிடுகின்றன.

அவருடைய கட்டுரைத் தொகுப்பான 'அறியப்படாத தமிழகம்' 1997இல் வந்தது. அதற்கு முன்பே, 1989இல், அவருடைய முனைவர் பட்ட ஆய்வான 'அழகர் கோயில்' நூலை மதுரை காமராசர் பல்கலைக்கழகம் வெளியிட்டிருந்தது. மாணவர்கள் முதலில் படிக்க வேண்டியது இதைத்தான் என்று நினைக்கிறேன். ஒரு பெருங்கோயிலைச் சிற்பங்களாலும் தலபுராணத்தாலும் மட்டும் விளக்காமல், கள்ளர், வலையர், இடையர், பள்ளர், பறையர் என்று சுற்றுவட்டாரத்து மக்கள் ஒவ்வொருவரும் அந்தக் கோயிலோடு எந்த வகையில் உறவு கொண்டிருந்தார்கள் என்று தேடிப் போன நூல் அது. சித்திரைத் திருவிழாவை ஊரே கூடும் கொண்டாட்டமாக நாம் காண்கிறோம். அந்தக் கூட்டத்தில் யாருக்கு என்ன பங்கு, அந்தப் பங்கு எந்த வரலாற்றின் வழியே வந்தது என்று அவர் பார்த்தார். அந்தக் கேள்வியை மனத்தில் இருத்திக்கொண்டு சிறு கட்டுரைகளுக்கு வந்தால், உணவைப் பற்றியும் உடையைப் பற்றியும் அவர் எழுதியவை எல்லாம் வேறு வெளிச்சத்தில் தெரியும். பெருமிதம் தவறு என்று நான் சொல்லவில்லை. தன் வீட்டுப் பழக்கத்துக்கும் ஒரு வரலாறு உண்டு என்று முதன்முதலாக அறியும் பிள்ளைக்கு அது இயல்பாகவே வரும். ஆனால் அங்கேயே நின்றுவிட்டால், யார் உழைத்து அந்தப் பண்பாடு உருவாயிற்று, யாரை வெளியே நிறுத்தி அது கட்டப்பட்டது என்ற கேள்விகளுக்குப் போகவே முடியாது. பண்பாட்டு விமர்சனம் என்ற துறையே அந்த இரண்டு கேள்விகளுக்காகத்தான் இருக்கிறது என்பது என் உறுதியான எண்ணம்.

இதற்கு நல்ல பயிற்சியாக ஆ. சிவசுப்பிரமணியனின் 'உப்பிட்டவரை' நூலைச் சொல்வேன். உப்பைப் பற்றி நம் பிள்ளைகளுக்குத் தெரிந்தது பெரும்பாலும் பழமொழியும் நன்றியுணர்வும்தான். உப்பை வண்டிகளில் ஏற்றி நெல்லுக்கு விற்கப் போன உமணர்களைச் சங்கப் பாடல்கள் காட்டுகின்றன. 1805இல் கம்பெனி ஆட்சி சென்னை மாகாணத்தில் உப்பைத் தன் ஏகபோகமாக்கிக்கொண்டது. 1930இல் ராஜாஜி தலைமையில் திருச்சியிலிருந்து வேதாரண்யத்துக்கு நடந்து போனவர்கள் உப்பு அள்ளிச் சிறை சென்றார்கள். சமையலறையில் கிடக்கும் ஒரு பொருளை எடுத்து அதன் மேல் படிந்திருக்கும் சடங்கையும் வரியையும் உழைப்பையும் சேர்த்துப் படிக்கும் முறை இது. உனக்குத் தூத்துக்குடி உப்பளங்கள் ஒரு மணி நேரத் தொலைவில் இருக்கின்றன. புத்தகத்தை முடித்த கையோடு பிள்ளைகளை ஒருமுறை அங்கே அழைத்துப் போ. வெயிலும் உப்பின் வெண்மையும் சேர்ந்து கண்ணைக் கூசச் செய்யும் அந்த வரப்பில் நின்று வேலை செய்யும் பெண்களிடம் பேசிவிட்டு வந்தால், அந்த நூலைப் பற்றி அவர்கள் பேசுவதே வேறாக இருக்கும்.

ஆ. இரா. வேங்கடாசலபதியின் 'அந்தக் காலத்தில் காப்பி இல்லை' உன்னிடம் இருக்கும். நகரத்து நடுத்தர வர்க்கம் தன் அடையாளத்தை ஒரு பானத்தின் வழியாக எப்படிக் கட்டிக்கொண்டது, காப்பிக் கிளப்புகளில் பிராமணர்களுக்குத் தனி இடம் ஒதுக்கப்பட்டது எப்படி ஒரு பொதுப் பிரச்சினையாக மாறியது என்பதையெல்லாம் அது காட்டுகிறது. படிப்பதற்குச் சுவையான நூல் என்பதாலேயே அதைச் சுவைக்காக மட்டும் படித்துவிடக் கூடாது.

இனி நீ குறிப்பாகக் கேட்டிருந்த பிரிட்டிஷ் பண்பாட்டு விமர்சகர் ரேமண்ட் வில்லியம்ஸ். 1958இல் வெளிவந்த அவருடைய 'கல்ச்சர் அண்ட் சொசைட்டி'யை நேரடியாக மாணவர்களிடம் கொடுத்தால் சோர்ந்துபோவார்கள். அதில் வரும் பர்க், காபெட், கார்லைல் போன்ற பழைய ஆங்கில எழுத்தாளர்கள் அவர்களுக்கு அந்நியர்கள். அதன் முடிவுரையை மட்டும் நீ முதலில் படித்துவிட்டு உன் சொற்களில் எடுத்துச் சொல். வேல்ஸ் நாட்டில் ரயில்வே சிக்னல் தொழிலாளியின் மகனாகப் பிறந்து, போருக்குப் பின் பல ஆண்டுகள் வேலைக்குப் போகும் வயதுவந்தோருக்கு வகுப்பெடுத்தவர் அவர். மக்கள் திரள் என்று எதுவும் கிடையாது, மனிதர்களைத் திரளாகப் பார்க்கும் பார்வைகள்தாம் உண்டு என்று அங்கே அவர் வாதிடுகிறார். தொழிலாளி வர்க்கத்தின் பண்பாட்டுச் சாதனையைக் கவிதையிலும் ஓவியத்திலும் மட்டும் தேடாதீர்கள், தொழிற்சங்கமும் கூட்டுறவு அமைப்பும் கட்சியும் அவர்களுடைய மாபெரும் படைப்புகள் என்றும் சொல்கிறார்.

இந்த இடத்தை நான் பெரம்பூரில் இருந்துகொண்டுதான் ஒவ்வொரு முறையும் படிக்கிறேன். எங்கள் தெருவின் மூத்தவர்கள் பின்னி நெசவாலைச் சங்கின் ஓசையைக் கேட்டு நேரம் கணித்தவர்கள். அந்த ஆலைத் தொழிலாளர்களைக் கொண்டு 1918 ஏப்ரலில் சென்னைத் தொழிலாளர் சங்கம் உருவானபோது, செல்வபதி செட்டியாரும் ராமானுஜுலு நாயுடுவும் பி. பி. வாடியாவும் திரு. வி. க.வும் அதற்குத் துணை நின்றார்கள். தொழிற்சங்க மேடைகளில் திரு. வி. க. பேசிய தமிழைப் பற்றி நாம் இலக்கியமாகப் பேசுகிறோம். அந்தப் பேச்சைக் கேட்பதற்காக வேலை முடிந்து வந்து உட்கார்ந்தவர்கள் உருவாக்கிய சங்கத்தை, அதன் சந்தாவை, கூட்டம் நடத்தும் ஒழுங்கை, ஒருவருக்காக எல்லாரும் வேலையை நிறுத்தும் துணிவைப் பண்பாடாகப் பார்க்க நமக்கு இன்னும் பழக்கம் வரவில்லை. வில்லியம்ஸ் அதைப் பார்க்கக் கற்றுத்தருகிறார். அதனால்தான் அவர் நமக்கு வேண்டியவர்.

ஆனால் அவரோடு மட்டும் நின்றால் 1921ஐ விளங்கிக்கொள்ள முடியாது. அதே ஆலைகளில் அந்த ஆண்டு நடந்த வேலைநிறுத்தத்தில் ஆதிதிராவிடத் தொழிலாளர்களில் பெரும்பாலோர் வேலைக்குத் திரும்ப, புளியந்தோப்பில் மோதல் மூண்டது. குடிசைகள் எரிந்தன, துப்பாக்கிச் சூடு நடந்தது, உயிர்கள் போயின. ஒன்றாக நின்று சங்கம் கட்டியவர்கள் சாதியின் கோட்டில் பிரிந்தார்கள். வர்க்கத்தின் கூட்டுணர்வைப் பற்றி இங்கிலாந்தில் எழுதிய எவரிடமும் இதற்கு விடை இல்லை. விடை தேடினால் தலித் சிந்தனையாளர் ராஜ் கௌதமனிடம் வர வேண்டும். 'தலித் பண்பாடு' 1993இலும் 'தலித் பார்வையில் தமிழ்ப் பண்பாடு' அதற்கடுத்த ஆண்டிலும் வந்தபோது, தமிழ்ப் பண்பாடு என்று பொதுவாக நாம் சொல்லிக்கொண்டிருந்தது யாருடைய வாழ்க்கை என்று முகத்துக்கு நேரே கேட்டவர் அவர். நாம் பொதுமறையாகக் கொண்டாடும் அறக் கருத்துகளுக்கும் அதிகாரத்துக்கும் இடையே உள்ள உறவை அவர் பின்னாளில் எழுதியவற்றிலும் விடாமல் துருவினார். 2024 நவம்பரில் அவர் மறைந்தபோது எழுதப்பட்ட அஞ்சலிகளில் பெரும்பகுதி அவருடைய நாவல்களைப் பற்றியதாகவே இருந்தது எனக்கு வருத்தம் தந்தது. உன் வட்டத்தில் தொ. ப.வுக்கு அடுத்த வாரமே ராஜ் கௌதமனை வைத்துவிடு. நடுவில் இடைவெளி விடாதே. கோபம் வரும் பிள்ளைகள் இருப்பார்கள். வரட்டும். அந்தக் கோபத்தோடு பேசுவதற்கு ஓர் இடம் வேண்டும் என்பதற்காகத்தானே வட்டம் தொடங்கினாய்.

அவருக்கும் முந்திய வேர் அயோத்திதாசர். 1907இல் ராயப்பேட்டையிலிருந்து 'ஒரு பைசாத் தமிழன்' என்ற இதழைத் தொடங்கிய அவர், பண்டிகைகளையும் கதைகளையும் பௌத்த நினைவுகளாக மீட்டுச் சொன்னார். தீபாவளியை எள்ளிலிருந்து எண்ணெய் எடுத்த கண்டுபிடிப்போடு இணைத்தது அவற்றுள் ஒன்று. அந்த விளக்கங்களை வரலாற்றுச் சான்றுகளாக ஏற்க வேண்டும் என்பதில்லை. விளக்கம் சொல்லும் உரிமையே மறுக்கப்பட்ட மக்களிடமிருந்து, பண்டிகையின் பொருளைத் தானே சொல்வேன் என்று ஒருவர் எழுந்து நின்றார் என்பதைப் பிள்ளைகள் உணர வேண்டும். அது போதும்.

சினிமாவுக்கு எம். எஸ். எஸ். பாண்டியனின் 'தி இமேஜ் ட்ராப்' இருக்கிறது. 1992இல் வந்த அந்த ஆங்கில நூல், திரையில் ஏழைகளின் காவலனாக நின்ற எம்.ஜி.ஆரின் பிம்பம், ஏழைகளுக்குப் பயன் தராத ஓர் ஆட்சிக்கு அவர்களுடைய ஒப்புதலையே பெற்றுத் தந்தது எப்படி என்று விளக்குகிறது. இத்தாலிய மார்க்சியச் சிந்தனையாளர் கிராம்சியைத் தமிழ் மண்ணில் வைத்துப் பார்த்த சிறந்த முயற்சி அது. ஆயினும் எனக்கு அதில் முழு உடன்பாடு இல்லை. ரசிகர்களைப் பிம்பத்தில் சிக்கியவர்களாக அது சற்று அதிகமாகவே காண்கிறது. மன்றம் வைத்து இரத்ததானம் செய்தவர்களும் தெருச் சண்டையைத் தீர்த்து வைத்தவர்களும் அதில் மங்கலாகவே தெரிகிறார்கள். மதுரையில் தங்கி ஆய்வு செய்து நகர ஏழைகளையும் சினிமாவையும் பற்றிச் சாரா டிக்கி 1993இல் வெளியிட்ட நூலையும் உடன் வைத்துப் படித்தால் சமநிலை கிடைக்கும். வெகுஜனப் பண்பாட்டைக் கடுமையாக விமர்சித்த ஜெர்மன் தத்துவவாதி அடோர்னோவை இந்த ஆண்டு தொட வேண்டாம். பார்வையாளரைப் பற்றிய அவநம்பிக்கையை அவரிடமிருந்து கற்றுக்கொண்டு தொடங்கினால், தங்கள் அப்பா அம்மாவையே இந்தப் பிள்ளைகள் இகழ்ச்சியாகப் பார்க்கத் தொடங்கிவிடுவார்கள்.

மார்கழி முழுவதும் இங்கே கச்சேரிகள். 1927 காங்கிரஸ் மாநாட்டை ஒட்டி நடந்த இசை மாநாட்டின் தொடர்ச்சியாக மறு ஆண்டு மியூசிக் அகாடமி பிறந்ததையும், மேடையில் தமிழுக்கு இடமில்லை என்ற குறையிலிருந்து 1943இல் தமிழ் இசைச் சங்கம் எழுந்ததையும் நாம் பல இரவுகள் பேசியிருக்கிறோம். அப்போது நாம் பேசாத ஒன்றை டி. எம். கிருஷ்ணா 2020இல் 'செபாஸ்டியன் அண்ட் சன்ஸ்' நூலில் எழுதினார். மாட்டுத் தோலும் ஆட்டுத் தோலும் எருமைத் தோலும் கொண்டு மிருதங்கம் செய்பவர்கள், பெரும்பாலும் தலித் கிறிஸ்தவர்கள், அந்த நாதத்தில் எவ்வளவு பெரிய பங்காளிகள் என்பதையும், சபைகளில் அவர்கள் பெயர் எவ்வளவு அரிதாக ஒலிக்கிறது என்பதையும் அந்த நூல் சொல்கிறது. அதைப் படித்த பிறகு மிருதங்கத் தனி ஆவர்த்தனம் கேட்கும்போதெல்லாம் அதன் வலப்பக்க முகமான வலந்தலையில் தோலை இழுத்துக் கட்டிய கைகளையும் நான் நினைத்துக்கொள்கிறேன். இசை கேட்கும் இன்பம் அதனால் கூடியிருக்கிறது.

கண்காட்சியில் கிடைத்தவற்றில் உன் வட்டத்துக்கென்று சில பிரதிகள் வாங்கிவிட்டேன். அடுத்த வாரம் பார்சல் சர்வீஸில் போடுகிறேன், பணம் அனுப்பாதே. ஆங்கில நூல்களைக் கன்னிமாராவிலோ கோட்டூர்புரம் நூலகத்திலோ பார்த்து, வேண்டிய பகுதிகளைக் குறிப்பெடுத்துத் தமிழில் எழுதி அனுப்புகிறேன்.

பதிலுக்கு உன்னிடம் ஒன்று கேட்க வேண்டும். 1969இல் நா. வானமாமலை தொடங்கிய 'ஆராய்ச்சி' இதழ்களை நீ கட்டுக்கட்டாக வைத்திருந்தாயே, அவை இன்னும் இருக்கின்றனவா? பல்கலைக்கழகங்களுக்கு வெளியே, உன் ஊரிலேயே, நெல்லை ஆய்வுக் குழு என்று கூடி நாட்டார் பாடலையும் சாதியையும் வழிபாட்டையும் பற்றி ஆசிரியர்கள் கட்டுரை வாசித்து விவாதித்த மரபு அது. உன் வட்டம் அந்த மரபின் தொடர்ச்சி என்று பிள்ளைகளுக்குத் தெரிய வேண்டும். பழைய இதழ் ஒன்றைக் கையில் கொடுத்துப் புரட்டச் சொல். தாள்கள் நொறுங்கும் நிலையில் இருந்தால் எனக்கு எழுது. தரமணியில் உள்ள ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகத்தில் பேசிப் பார்க்கிறேன். அவர்களிடம் எந்தெந்த இதழ்கள் ஏற்கெனவே இருக்கின்றன என்று கேட்டுவிட்டு, விடுபட்டவற்றை மட்டும் நீ பிரித்து வைத்தால் போதும். பங்குனியில் நான் திருநெல்வேலி வரும்போது நானே எடுத்து வருகிறேன்.

அன்புடன்,
ராமலிங்கம்