அந்தக் கை படத்தில் இருக்கும்

அக்கா,

படத்தை வெளியிடுவதென்று முடிவு செய்துவிட்டேன். நீ அனுப்பிய பதிப்பை அல்ல. களிமண் பொம்மையைக் கொஞ்சம் கொஞ்சமாய் நகர்த்தி, ஒவ்வொரு நிலையையும் தனித்தனி ஃப்ரேமாக நாம் எடுத்தபடியே, நொடிக்கு 12 ஃப்ரேம்.

மென்பொருள் இழைத்துக் கொடுத்தது அழகாகத்தான் இருக்கிறது, மறுக்கவில்லை. நொடிக்கு 24 ஆகிவிட்டது, பொம்மை வெண்ணெயில் வழுக்குவதுபோல் திரும்புகிறது. ஆனால் கூடுதலாக வந்த அந்த 12-இல் இருக்கும் பொம்மையை நீயும் தொடவில்லை, நானும் தொடவில்லை. முன்னதையும் பின்னதையும் பார்த்து இயந்திரம் ஊகித்தவை அவை. களிமண் கன்னத்தில் உன் விரல்ரேகை ஃப்ரேமுக்கு ஃப்ரேம் நெளியுமே, அதுவும் மழுங்கிப்போயிற்று. "நினைவும் இப்படித்தானே இட்டு நிரப்பிக்கொள்கிறது?" என்று எழுதியிருந்தாய். பதில் தேடித்தான் இத்தனை தாமதம். கிடைக்கவில்லை.

பொம்மை தலையைத் திருப்பும் காட்சி. கழுத்துக்குள் அலுமினியக் கம்பி வளைந்து வளைந்து தளர்ந்துபோய், தலை நிற்கவே மாட்டேன் என்றது. நீ விரலால் தாங்குவாய், மெல்ல விடுவாய், "ம்" என்பாய், நான் கேமரா பொத்தானை அழுத்துவேன். ஒருமுறை கையை எடுக்காமலே "ம்" என்றாய். தலைமுடியாக ஒட்டியிருந்த கேசட் நாடாவை நீவிக்கொண்டிருந்தாய். நான் அழுத்தினேன். அந்த நாடாவில் யார் குரல் இருந்தது என்று நமக்குத் தெரியும். இங்கே நாலு பேர் படிக்கிறார்கள், அதற்குமேல் வேண்டாம்.

அந்த ஃப்ரேமைத்தான் நீ முதலில் தூக்கியிருக்கிறாய்!

தென்னாப்பிரிக்க ஓவியர் வில்லியம் கென்ட்ரிட்ஜை எனக்குக் காட்டியதே நீதான். ஒரே தாளில் கரியால் வரைந்து, அழித்து, மறுபடி வரைந்து, ஒவ்வொரு நிலையையும் கேமராவில் பிடிக்கிற மனுஷன். 1989-லேயே அப்படிப் படம் எடுத்தவர். அழித்த தடம் தாளிலேயே தங்கிவிடும். "பாருடா, முந்தின நொடி போகவே மாட்டேங்குது" என்று துள்ளினாய். எனக்கு இப்படி ஃப்ரேம் ஃப்ரேமாகப் படமெடுக்கும் ஸ்டாப் மோஷன் பிடித்துப்போனது அன்றைக்கு, அந்தக் குரலில்தான்.

உன்னைக் கேட்காமல் வெளியிடுகிறேன், மன்னித்துக்கொள். ஆனால் நாடாவைக் கத்தரித்தபோது நீ யாரைக் கேட்டாய்? "டிஜிட்டல்ல ஏத்திட்டேன், பயப்படாதே" என்றாய். அந்தக் கோப்பு இன்றுவரை என்னிடம் வரவில்லை. ஏற்றினாயா என்றே... சரி, விடு. வெளியில் கேட்பது அசிங்கம் என்பாய். வீட்டுக்குள் கேட்டபோது எழுந்து போனவள் நீ.

டைட்டிலில் உன் பெயர்தான் முதலில். வேண்டாமென்றால் சொல், எடுத்துவிடுகிறேன். கையை எடுக்கமாட்டேன்.

ஒலி வேலை இன்னும் முடியவில்லை. கோப்பு இருந்தால் வெள்ளிக்கிழமைக்குள் அனுப்பு.