லெடோ சாலைப் பெட்டிகள் 14: நன்கொடை வேண்டுகோள்

இரண்டாம் உலகப் போரில் சீனாவுக்குச் சரக்கு கொண்டுபோகப் போட்ட பாதை லெடோ சாலை. அஸ்ஸாமின் லெடோவில் தொடங்கி, பாங்சாவு கணவாய் ஏறி, பர்மா காட்டைக் கடந்து சீனாவின் குன்மிங் வரை 1,079 மைல். 1942 டிசம்பரில் வேலை ஆரம்பித்தது. 1945 ஜனவரியில் முதல் லாரி வரிசை லெடோவிலிருந்து கிளம்பியது. மலையை வெட்டிப் பாதை போட்ட அமெரிக்கப் படையினர் சுமார் 15,000 பேர். பத்துக்கு ஆறு பேர் கறுப்பின வீரர்கள். 45ஆவது பொறியியல் ரெஜிமென்ட், 823ஆவது பொறியியல் பட்டாலியன் போன்ற பிரிவுகள் தொடக்கத்திலிருந்தே அங்கே இருந்தன. சாலைக்குச் சூட்டப்பட்டதோ அமெரிக்கத் தளபதி ஸ்டில்வெல்லின் பெயர்.

டெக்சாஸில் ஓய்வுபெற்ற கறுப்பினப் படைவீரர் ஒருவர் அந்த வீரர்களின் குடும்பங்களிடம் கேட்டு வாங்கிச் சேர்த்தவை, இப்போது 14 அட்டைப்பெட்டிகளில் அவருடைய கார் ஷெட்டில் இருக்கின்றன: 2,100 படங்கள், 340 நெகட்டிவ்கள், 600 தாள்கள். டெக்சாஸ் வெயிலுக்கு அது நல்ல இடமில்லை. அவற்றைக் காப்பாற்றவே இந்தக் குழு.

தாள்களுக்குத்தான் முதலிடம். 1973 ஜூலை 12 அன்று செயின்ட் லூயிஸ் அருகே ராணுவப் பணிக்கோப்புக் காப்பகம் எரிந்தது. 1912 நவம்பர் முதல் 1959 முடிய பணியிலிருந்து விடுவிக்கப்பட்ட தரைப்படையினரின் கோப்புகளில் சுமார் 80 சதவீதம் போயிற்று. நகல் கிடையாது, மைக்ரோபிலிம் கிடையாது. வீட்டு பீரோவில் கிடக்கும் டிஸ்சார்ஜ் தாள்தான் பலருக்கு எஞ்சிய சாட்சி. பத்திரமாக இருக்கட்டும் என்று அதை லேமினேட் செய்துவிடுகிறார்கள். பிறகு பிரிப்பது பெரும்பாடு. தயவுசெய்து யாரும் செய்யாதீர்கள். துருப்பிடித்த ஸ்டேப்பிள் பின்னையும் இழுக்காதீர்கள், கால்களை நிமிர்த்திக் கழற்றுங்கள்.

படங்களில் பாதி, பசைக்கோடு போட்ட ஆல்பங்களில் ஒட்டிக்கொண்டிருக்கின்றன. முதலில் பக்கத்தை முழுதாக ஸ்கேன் செய்வோம், வரிசை கலையக்கூடாது. பிறகு மெழுகு பூசாத பல் இடுக்கு நூலைப் படத்தின் அடியில் மெதுவாக ஓட்டிப் பிரிப்போம். நகரவில்லையென்றால் அப்படியே விட்டுவிடுவோம். ஒவ்வொரு படத்துக்கும் முன்பக்கம், பின்பக்கம் இரண்டும் 600 டிபிஐ (அங்குலத்துக்கு 600 புள்ளி), தரம் குறையாத டிஃப் கோப்பு. பின்பக்கம் வீண் என்று நினைப்பவர்களுக்கு: சேற்றில் புதைந்த புல்டோசர் படம் ஒன்றின் பின்னால் பென்சிலில் ‘ஷிங்ப்வியாங்’ என்று, அந்தச் சாலையிலுள்ள பர்மிய ஊரின் பெயர் இருக்கிறது. அந்த ஒரு சொல் இல்லாவிட்டால் அது எந்தக் காட்டுப் படமாகவும் இருக்கலாம்.

தேவை 4,200 டாலர். நெகட்டிவும் எடுக்கும் ஸ்கேனருக்கு 1,300. அமிலமற்ற பெட்டி, ஃபோல்டர், பாலியெஸ்டர் உறைகளுக்கு 1,100. மூன்று ஹார்ட் டிஸ்க்குகளுக்கு 300 (ஒன்று வேறு ஊரில் இருக்கும்). நாங்கள் தொடத் துணியாத ஆறு ஆல்பங்களுக்கு, பதப்படுத்தும் வல்லுநரின் கூலி 1,500. ஒரு பங்கு 25 டாலர், ரசீது உண்டு.

பொருளாகத் தருவோர் பிரிக்காத பாக்கெட்டாகத் தாருங்கள். புது ரெயின்கோட் வாடை அடிக்கும் பிளாஸ்டிக் உறை வேண்டாம், அது பிவிசி. நாளடைவில் படத்தோடு ஒட்டிக்கொள்ளும்.

பணம் தர இயலாதவர்களுக்கும் ஒரு வேலை இருக்கிறது. வீரர்கள் காதில் விழுந்தபடி எழுதிய ஊர்ப்பெயர்கள் நூற்றுக்கு மேல் படிக்க முடியாமல் கிடக்கின்றன. அஸ்ஸாமில் மார்கரிட்டா, டிக்பாய், லெடோ பக்கம் ராணுவத்திலோ சுரங்கத்திலோ எண்ணெய்க் கிணற்றிலோ வேலை பார்த்த தமிழர்கள் அந்தப் பட்டியலைக் கேட்டு வாங்கிப் பாருங்கள்.