விண்டோஸ், ஆல்ட், ஆர் அல்ல, ஜி

ஆசிரியருக்கு வணக்கம்.

கணினி விளையாட்டில் நடந்து முடிந்த ஒரு கட்டத்தைக் கிளிப்பாக எடுத்து வைப்பது பற்றி, சென்ற வாரத் தொழில்நுட்பப் பக்கத்தில் வந்த கட்டுரையில் ஒரு பிழை இருக்கிறது. ‘நல்ல கட்டம் முடிந்ததும் விண்டோஸ், ஆல்ட், ஆர் மூன்றையும் சேர்த்து அழுத்துங்கள்’ என்று அச்சாகியிருக்கிறது. ஆர் அழுத்தினால் அந்த நொடியிலிருந்துதான் பதிவு ஓட ஆரம்பிக்கும். முடிந்துபோனதை மீட்டுத் தருவது ஜி. ஒரே எழுத்துதான் வித்தியாசம். ஆனால் கட்டுரையை நம்பி அழுத்தியவருக்குக் கிடைப்பது ஆள் அரவமற்ற மைதானமும், மறுபடி ஆர் அழுத்தி நிறுத்தும் வரை வளர்ந்துகொண்டே போகும் ஒரு கோப்பும்தான்.

ஜி என்று திருத்தினால் மட்டும் போதாது. அந்த விசை வேலை செய்ய வேண்டுமானால், கணினி ஏற்கெனவே பின்னணியில் பதிவு செய்துகொண்டிருக்க வேண்டும். பழைய ஒலிநாடாவில் முந்தைய பாட்டின் மேலேயே அடுத்த பாட்டைப் பதிவோமே, அதே கதை. கடைசி 30 விநாடி மட்டும் கையில் இருக்கும். புதிய விநாடி உள்ளே வர வர, மிகப் பழையது அழியும். விசையை அழுத்தும்போது கையில் இருப்பதைக் கோப்பாக எழுதிக்கொள்கிறது, அவ்வளவுதான். விண்டோஸில் இந்தப் பின்னணிப் பதிவைத் தேடிப் போய் நாமே இயக்க வேண்டும்: செட்டிங்ஸ், கேமிங், கேப்சர்ஸ், அதில் ‘ரெகார்ட் வாட் ஹேப்பண்ட்’. கட்டுரையில் இந்த வரியே இல்லை. மடிக்கணினியாக இருந்தால் இன்னொரு சிக்கல் உண்டு. சார்ஜரைக் கழற்றியதும் பின்னணிப் பதிவு நின்றுவிடும்; பேட்டரியிலும் ஓடட்டும் என்று அதே இடத்தில் தனியாக அனுமதி தர வேண்டும். சில விளையாட்டுகளை விண்டோஸ் விளையாட்டு என்றே கண்டுகொள்ளாது. அப்போது விண்டோஸ், ஜி அழுத்தி, விண்டோஸோடு வரும் பதிவுக் கருவியான கேம் பாரைத் திறந்து, அதன் செட்டிங்ஸில் ‘இது ஒரு கேம்’ என்று நினைவில் வைக்கச் சொல்லும் கட்டத்தில் டிக் போட வேண்டும். எடுத்த கிளிப்புகள் வீடியோஸ் கோப்புறைக்குள் கேப்சர்ஸ் என்ற இடத்தில் விளையாட்டின் பெயரோடும் தேதியோடும் இருக்கும்.

எத்தனை விநாடி வைப்பது என்பதில்தான் பலரும் கோட்டை விடுகிறார்கள். கேம் பாரில் தானாக அமைந்திருப்பது 30 விநாடி. கேட்கத் தாராளமாகத்தான் தெரியும். கவுண்டர் ஸ்ட்ரைக்கில் ஒருவர் தனியாக நின்று எதிரணியில் மிச்சமிருக்கும் நால்வரையும் வீழ்த்துகிறார் என்று வையுங்கள். முதல் ஆளிலிருந்து கடைசி ஆள் வரை 25 விநாடி. அதன்பின் கூச்சல், ஹெட்செட்டில் நண்பர்களின் கத்தல், ‘டேய் கிளிப் எடுத்தியா’ என்று யாரோ கேட்கிறார்கள், கை விசைக்குப் போகிறது. அதற்குள் 15 விநாடி ஓடிவிட்டது. 30 விநாடியில் 15 கொண்டாட்டத்துக்கே போய்விட்டதால், முதல் இரண்டு பேர் விழுந்தது கிளிப்பில் இருக்காது. ஆகவே கணக்கு இதுதான்: நிகழ்ச்சியின் நீளம், அதோடு கை தாமதிக்கும் நேரம், அதோடு முன்கதைக்கு ஒரு 20 விநாடி. சுடும் விளையாட்டுக்கு 90 முதல் 120 விநாடி சரியாக வரும். கார் பந்தயத்துக்கு ஒரு முழுச் சுற்றின் நேரம் வேண்டும். உத்தி விளையாட்டுகளில் 5 நிமிடம் வைத்தாலும் கூடுதல் இல்லை. இன்னொன்று, நிகழ்ச்சி முடிந்த அதே நொடியில் அழுத்தாதீர்கள். பதிவு விசையோடு நின்றுவிடும். கடைசி அடி பாதியில் அறுந்தது போல இருக்கும். மூச்சுவிட்டு, இரண்டு விநாடி கழித்து அழுத்துவது நல்லது.

‘பாதுகாப்புக்கு 20 நிமிடம் வையுங்கள்’ என்ற கட்டுரையின் யோசனையோடும் உடன்பட முடியவில்லை. கணக்கைப் பாருங்கள். 1920க்கு 1080 புள்ளி அளவுள்ள படம், புள்ளிக்கு 4 பைட், விநாடிக்கு 60 படம். சுருக்காமல் வைத்தால் ஒரு விநாடிக்கே ஏறக்குறைய 500 எம்பி, 30 விநாடிக்கு 15 ஜிபி. அதனால்தான் கிராபிக்ஸ் கார்டுக்குள் இருக்கும் என்கோடர் என்ற தனிப் பகுதி படங்களை உடனுக்குடன் சுருக்குகிறது. இந்த வசதி கார்டுகளில் வந்த பிறகுதான் ‘நடந்த பிறகு எடுப்பது’ சாதாரண ஆளுக்குச் சாத்தியமானது. கார்டு நிறுவனமான என்விடியா இதே வேலைக்கான தன் ஷேடோபிளே மென்பொருளை வெளியிட்டது 2013இல். சுருக்கிய பிறகு விநாடிக்கு 20 மெகாபிட் என்றால் 2.5 எம்பி. 2 நிமிடத்துக்கு 300 எம்பி, 5 நிமிடத்துக்கு 750 எம்பி. தரத்தை 50 மெகாபிட்டுக்கு ஏற்றி 20 நிமிடம் வைத்தால் ஒவ்வொரு கிளிப்பும் 7.5 ஜிபி. பத்து கிளிப் எடுத்தால் 75 ஜிபி. அதில் பார்க்கத் தகுந்தது ஒவ்வொன்றிலும் அரை நிமிடம் இருந்தால் அதிகம். மிச்சத்தை யார் உட்கார்ந்து வெட்டுவது?

கட்டுரை ஒரே வரியில் கடந்துபோன ஓபிஎஸ் ஸ்டூடியோ என்ற பதிவு மென்பொருளைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். இலவசம், எந்தக் கார்டானாலும் ஓடும், முழுக் கட்டுப்பாடும் நம் கையில். செட்டிங்ஸில் அவுட்புட் பகுதிக்குப் போய் ‘எனேபிள் ரீப்ளே பஃபர்’ என்பதில் டிக் போடுங்கள். பின்னணிப் பதிவுக்கு ஓபிஎஸ் வைத்திருக்கும் பெயர்தான் ரீப்ளே பஃபர். நேரம் 20 விநாடி என்று இருக்கும். அதை 120 ஆக்குங்கள். அடுத்து ஹாட்கீஸ் பகுதியில் ‘சேவ் ரீப்ளே’ என்பதற்கு ஒரு விசை கொடுங்கள். விளையாட்டில் பயன்படாத விசையாக இருக்கட்டும். இத்தோடு வேலை முடிந்தது என்று நினைத்துவிடுகிறார்கள். முடியவில்லை. முதல் திரையில் வலப்புறம் கீழே ‘ஸ்டார்ட் ரீப்ளே பஃபர்’ என்று ஒரு பட்டன் புதிதாக முளைத்திருக்கும். ஒவ்வொரு முறை ஓபிஎஸ் திறக்கும்போதும் அதை அழுத்தினால்தான் பதிவு ஓடும். மறதிக்கு மருந்து உண்டு: டெஸ்க்டாப்பில் உள்ள ஓபிஎஸ் ஷார்ட்கட்டின் பிராப்பர்ட்டீஸைத் திறந்து, டார்கெட் வரியின் கடைசியில் ஓர் இடைவெளி விட்டு, இரண்டு சிறு கோடுகளும் ‘ஸ்டார்ட்ரீப்ளேபஃபர்’ என்ற சொல்லும் ஆங்கிலச் சிற்றெழுத்தில், ஒரே சொல்லாகச் சேர்த்து எழுதுங்கள். அந்த ஷார்ட்கட்டில் திறந்தால் பதிவு தானாகத் தொடங்கும்.

இங்கே யாரும் கவனிக்காத பொறி ஒன்று இருக்கிறது. நேரத்துக்கு ஓர் எல்லை இருப்பதுபோல நினைவகத்துக்கும் ஓர் எல்லை உண்டு. தானாக அமைந்திருப்பது 512 எம்பி. தரத்தை அடிப்படையாக வைத்துப் பதிவு செய்யும்போது, புல்வெளியும் புகையும் வெடிப்புமாக இருக்கும் காட்சி நிறைய இடம் பிடிக்கும். விநாடிக்கு 50 மெகாபிட்டைத் தொட்டால் 512 எம்பி ஏறக்குறைய 80 விநாடியில் நிரம்பிவிடும். எந்த எல்லை முதலில் எட்டப்படுகிறதோ அதுதான் செல்லும். 120 என்று போட்டும் 80 விநாடிதான் வருகிறதே என்று குழம்புபவர்கள் பார்க்க வேண்டிய இடம் இது. 8 ஜிபி ரேம் உள்ள கணினியில் 1 ஜிபி வரை ஒதுக்கலாம். 16 ஜிபி இருந்தால் 2 ஜிபி தாங்கும். ஓபிஎஸ் எல்லாவற்றையும் ரேமிலேயே வைப்பதால் வட்டு தேயாது. ஆனால் கரண்ட் போனால் அந்த இரண்டு நிமிடமும் போச்சு. யுபிஎஸ் இல்லாத வீடுகளில் சேவ் விசையைத் தள்ளிப்போடாதீர்கள்.

விசை அழுத்தியும் கோப்பு வரவில்லையா? பெரும்பாலும் காரணம், விளையாட்டு அட்மினிஸ்ட்ரேட்டர் உரிமையோடு ஓடுவதும் ஓபிஎஸ் சாதாரணமாக ஓடுவதும்தான். மேல் உரிமையில் ஓடும் ஜன்னலில் அழுத்தும் விசை கீழே இருப்பதற்குக் கேட்காது. ஓபிஎஸ்ஸையும் ‘ரன் ஆஸ் அட்மினிஸ்ட்ரேட்டர்’ என்றே திறந்தால் சரியாகிவிடும். சேமித்ததும் ஓபிஎஸ் சத்தம் எதுவும் போடாது. அதனால் ஆட்டத்தில் இறங்கும் முன் ஒரு முறை அழுத்தி, கோப்புறையில் விழுகிறதா என்று பார்த்துக்கொள்வது புத்திசாலித்தனம்.

இரண்டு கிராபிக்ஸ் சிப் உள்ள மடிக்கணினிகளில் ஒலி மட்டும் வந்து படம் கருப்பாக இருக்கும். விளையாட்டு ஒரு சிப்பிலும் ஓபிஎஸ் மற்றொன்றிலும் ஓடுவதுதான் காரணம். விண்டோஸ் செட்டிங்ஸில் சிஸ்டம், டிஸ்ப்ளே, கிராபிக்ஸ் என்று போய், ஓபிஎஸ்ஸைச் சேர்த்து, ‘ஹை பெர்ஃபார்மன்ஸ்’ கொடுத்தால், விளையாட்டை மட்டும் எடுக்கும் ‘கேம் கேப்சர்’ வேலை செய்யும். திரை முழுவதையும் எடுக்கும் ‘டிஸ்ப்ளே கேப்சர்’ வேண்டுமானால் பெரும்பாலான மடிக்கணினிகளில் நேர்மாறாக ‘பவர் சேவிங்’ கொடுக்க வேண்டும். கிளிப் திக்கித் திக்கி ஓடினால் என்கோடரைக் குறை சொல்லாதீர்கள். விளையாட்டே கார்டை 99 சதவீதம் விழுங்கியிருக்கும். ஓபிஎஸ்ஸுக்குப் படத்தைத் தொகுக்க இடமே இருக்காது. விளையாட்டின் படவேகத்துக்கு, அதாவது விநாடிக்கு எத்தனை படம் என்பதற்கு, ஒரு வரம்பு வைத்தால் பிரச்சினை தீரும்.

என்விடியா கார்டு வைத்திருப்பவர்களுக்கு வேலை சுலபம். ஆல்ட், இசட் அழுத்தி ‘இன்ஸ்டன்ட் ரீப்ளே’யை இயக்கிவிட்டு, பிறகு ஆல்ட், எஃப்10 அழுத்தினால் கிளிப் விழும். 15 விநாடி முதல் 20 நிமிடம் வரை நீளம் வைக்கலாம். கை தவறும் இடங்கள் இரண்டு. பக்கத்து விசையான எஃப்9 பட்டால் முழுப் பதிவு தொடங்கிவிடும். இரவு முழுக்க ஓடி வட்டை நிரப்பும். ஆல்ட், எஃப்10ஓடு ஷிஃப்டும் சேர்ந்து பட்டால் இன்ஸ்டன்ட் ரீப்ளேயே அணைந்துவிடும். பிரவுசரில் காப்புரிமைப் பூட்டுள்ள படம் ஓடிக்கொண்டிருந்தாலும் அது தானாக அணைந்துவிடுவது உண்டு. நேற்று வரை வேலை செய்தது இன்று ஏன் இல்லை என்ற கேள்விக்குப் பாதி நேரம் பதில் இதுதான். இந்த முறையில் பதிவு வட்டில் ஓயாமல் எழுதப்படுகிறது. 50 மெகாபிட்டில் தினம் 4 மணி நேரம் ஆடினால் 90 ஜிபி, ஆண்டுக்கு 33 டெராபைட் அளவுக்கு வரும். 300 டெராபைட் எழுதத் தாங்கும் என்று உத்தரவாதம் தரும் 500 ஜிபி எஸ்எஸ்டி இதை ஒன்பது ஆண்டு இழுக்கும். எஸ்எஸ்டி தேய்ந்துவிடும் என்ற பயம் ஓரளவு மிகைதான்.

ஏஎம்டி கார்டுகளிலும் இன்ஸ்டன்ட் ரீப்ளே என்ற அதே பெயரில் அதே வசதி அட்ரினலின் மென்பொருளுக்குள் இருக்கிறது. விளையாட்டுகளை விற்கும் ஸ்டீம் செயலியில் 2024 நவம்பரில் வந்த பின்னணிப் பதிவு வேறு மாதிரியானது. அணைந்தே இருக்கும், இயக்கினால் கடைசி 120 நிமிடத்தை வட்டில் வைத்துக்கொள்ளும். விளையாடிய பிறகு நிதானமாகக் காலக்கோட்டில் நகர்ந்து வேண்டிய பகுதியை வெட்டலாம். விசை அழுத்த மறக்கிறவர்களுக்கு இதைத்தான் சொல்வேன். ஆனால் அது துண்டு துண்டாக வைத்திருக்கும். எம்பி4 ஆக ஏற்றுமதி செய்யும் வரை வாட்ஸ்அப்பில் அனுப்ப முடியாது.

கிளிப் கேட்டதைவிட ஓரிரு விநாடி கூடக் குறைய வருவது கோளாறு அல்ல. சுருக்கிய காணொளியில் முழுப் படம் சில விநாடிக்கு ஒரு முறைதான் இருக்கும். இடையில் உள்ளவை முந்தைய படத்திலிருந்து என்ன மாறியது என்ற குறிப்பு மட்டுமே. கோப்பு முழுப் படத்தில்தான் தொடங்க முடியும். இந்த இடைவெளியை ஓபிஎஸ்ஸில் ‘கீஃப்ரேம் இன்டர்வல்’ என்ற இடத்தில் 2 விநாடி என்று வைத்தால் வெட்டுவதும் எளிது. கோடெக், அதாவது காணொளியைச் சுருக்கும் முறை, கேட்கும் இடத்தில் எச்.264 என்றே வையுங்கள். ஏவி1 கோப்பு சிறிதாக இருக்கும்தான். ஆனால் பழைய போனில் திறக்காது என்று பத்துப் பேருக்குப் பதில் சொல்லிக்கொண்டிருக்க வேண்டும். எடிட்டிங்கில் போட்டதும் வாய் அசைவும் ஒலியும் விலகினால் கிளிப்பின் படவேகம் நிலையாக இல்லை என்று பொருள். ஹேண்ட்பிரேக் என்ற காணொளி மாற்றும் மென்பொருளில் ‘கான்ஸ்டன்ட் ஃபிரேம்ரேட்’ கொடுத்து ஒரு முறை மாற்றினால் போதும். வாட்ஸ்அப்பில் டாக்குமெண்டாக அனுப்பினால் தரம் கெடாது. 2 ஜிபி வரை போகும்.

ஒலியைப் பற்றிக் கட்டுரை வாயே திறக்கவில்லை. பின்னணியில் ஓடும் பதிவு விளையாட்டின் சத்தத்தை மட்டுமா பிடிக்கிறது? ஹெட்செட்டில் பேசும் நண்பர்களின் குரலும், மைக் திறந்திருந்தால் அடுத்த அறையில் அம்மா பேசுவதும் சேர்ந்தே விழும். ஓபிஎஸ்ஸின் ‘அட்வான்ஸ்டு ஆடியோ பிராப்பர்ட்டீஸ்’ பகுதியில் எல்லா ஒலியும் முதல் டிராக்கிலும், (விளையாட்டின் ஒலியைத் தனி சோர்ஸாகச் சேர்த்திருந்தால்) விளையாட்டு மட்டும் இரண்டாவதிலும், மைக் மட்டும் மூன்றாவதிலும் போகும்படி டிக் போடலாம்; அவுட்புட் பகுதியை அட்வான்ஸ்டு முறைக்கு மாற்றி, பதிவுக்கும் அதே மூன்று டிராக்குகளைத் தேர்ந்தெடுக்க வேண்டும். சாதாரண பிளேயர் முதல் டிராக்கைத்தான் வாசிக்கும் என்பதால் பார்ப்பவருக்கு எதுவும் குறையாது. பொதுவில் போடும்போது முதலாவதை நீக்கி இரண்டாவதை மட்டும் வைத்தால், விளையாட்டுக்குள்ளேயே பேசிய குரல் தவிர வேறு யார் குரலும் கேட்காது. குரலோடுதான் போட வேண்டுமென்றால் பேசியவரிடம் கேட்டுவிட்டுப் போடுங்கள். பின்னணியில் பதிவு ஓடுகிறது என்பது அவருக்குத் தெரிந்திருக்க வாய்ப்பே இல்லை.

இவ்வளவையும் வெளியிட இடம் இல்லாவிட்டாலும், அடுத்த இதழில் ஆர் என்பதை ஜி என்று திருத்தி, பின்னணிப் பதிவை முதலில் இயக்க வேண்டும் என்ற ஒரு வரியையாவது சேர்த்து அதே பக்கத்தில் போடுமாறு கேட்டுக்கொள்கிறேன். திருத்தம் நான்காம் பக்க மூலையில் வந்தால், கட்டுரையைப் படித்தவர்கள் கண்ணில் படாது.

இப்படிக்கு,
வாசகர் ஒருவர்,
மதுரை