மடக்கைக்கு முன் ஒரு படி

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

வணிகக் கணிதம் கற்பிக்கும் எனக்கு, விடைத்தாள்களில் ஒரே பிழையைத் திரும்பத் திரும்பக் காண்பது மிகுந்த வருத்தமளிக்கிறது. விலை = 800 − 50 × இ^(0.01 × அளவு) என்று, விலையையும் விற்கும் அளவையும் இணைக்கும் தேவைச் சமன்பாட்டைத் தந்து (இ என்பது ஏறத்தாழ 2.718 என்னும் மாறிலி), 300 ரூபாய் விலையில் எத்தனை அலகுகள் விற்கும் என்று கேட்டால், பலர் எடுத்த எடுப்பிலேயே ஒவ்வோர் உறுப்புக்கும் தனித்தனியே மடக்கை (logarithm) எடுத்துவிடுகிறார்கள், கழித்தல் குறியைத் தாண்டி மடக்கை அப்படிப் பிரியாது. 800இலிருந்து 300ஐக் கழித்து, வரும் 500ஐ 50ஆல் வகுத்து, அடுக்குறுப்பின், அதாவது இ^(0.01 × அளவு) என்பதன், மதிப்பு 10 என்று தனியே நிறுத்திய பிறகே இயல் மடக்கை (இ-யை அடிமானமாகக் கொண்ட மடக்கை) எடுக்க வேண்டும். 10இன் இயல் மடக்கை ஏறத்தாழ 2.3026, அதை 0.01ஆல் வகுத்தால் சுமார் 230 அலகுகள். இந்த 230ஐச் சமன்பாட்டில் மீண்டும் இட்டால் விலை ஏறத்தாழ 301 ரூபாய் வரும். இச்சரிபார்ப்பை மாணவர்கள் செய்வதே அரிது. தங்கள் மாணவர் பக்கத்தில் இத்தகைய கணக்கொன்றைப் படிப்படியாக வெளியிட வேண்டுகிறேன்.

இப்படிக்கு,
வணிகக் கணித ஆசிரியை, மதுரை