ஈரோட்டில் நாகம்மையார், கண்ணம்மாள் வாழ்க்கைக் குறிப்புப் பலகை அமைக்கவும் ஆவணங்களைத் திரட்டவும் கோரும் மனு

அனுப்புநர்:
ஈரோடு மாநகரைச் சேர்ந்த வரலாற்று ஆசிரியைகள், நூலகர்கள், பெயர்ப்பலகைத் தொழிலாளர்கள்.

பெறுநர்:
மாவட்ட ஆட்சித்தலைவர் அவர்கள்,
மாவட்ட ஆட்சியர் அலுவலகம்,
ஈரோடு.

பொருள்: பெரியார் - அண்ணா நினைவு இல்லத்தின் முன்பு பலகை அமைத்தல், 1921 முதல் 1934 வரையிலான ஆவணங்களைத் திரட்டி நகலெடுத்தல் தொடர்பாக.

மதிப்பிற்குரிய ஐயா / அம்மையீர்,

வணக்கம். பெரியாரின் மனைவி என்று நாகம்மையாரையும், தங்கை என்று கண்ணம்மாளையும் ஒரே வரியில் சொல்லி முடித்துவிடும் பழக்கம் இந்த ஊரிலேயே இருக்கிறது. அவர்கள் செய்த வேலையைச் சொல்லி அறிமுகப்படுத்தும் பலகை ஒன்று வேண்டும் என்பதே எங்கள் கோரிக்கை.

சேலம் பக்கத்துத் தாதம்பட்டியில் 1885-இல் பிறந்தவர் நாகம்மையார். 1921-இல் ஈரோட்டில் கள்ளுக்கடை மறியல் நடத்திப் பெரியார் சிறை சென்றதும், மறியல் நின்றுவிடாமல் நாகம்மையாரும் கண்ணம்மாளும் பெண்களைத் திரட்டிக்கொண்டு களத்தில் இறங்கினார்கள். வீட்டு வாசலைத் தாண்டினாலே பேச்சு கிளம்பிய காலத்தில், நடுத்தெருவில், கடைக்கு முன்னால் நின்றார்கள். 1924-இல், கோயிலைச் சுற்றிய தெருக்களில் எல்லாச் சாதியினரும் நடக்கும் உரிமை கேட்ட வைக்கம் போராட்டத்திலும் நாகம்மையார் பெண்களோடு முன்நின்றார். பிறகு புரோகிதர் இல்லாமல் நடக்கும் சுயமரியாதைத் திருமணங்கள் பலவற்றைத் தலைமையேற்று நடத்தி வைத்தார். 1933 மே 11 அன்று காலமானார். அதே ஆண்டு இறுதியில், பெரியார் தொடங்கிய ‘குடிஅரசு’ இதழின் வெளியீட்டாளர் என்ற முறையில் கண்ணம்மாள் அரசு நிந்தனை வழக்கில் பெரியாரோடு கைதாகிச் சிறை சென்றார். வெளியீட்டாளராகப் பெயர் போடுவது அன்று வெறும் சடங்கு அல்ல. வழக்கு வந்தால் அந்தப் பெயருக்கு உரியவர்தான் கூண்டில் நிற்க வேண்டும். இந்த ஒரு செய்தியாவது பலகையில் கட்டாயம் இடம்பெற வேண்டும்.

மறியலை நிறுத்துவது ஈரோட்டின் இரண்டு பெண்கள் கையில் இருக்கிறது என்று காந்தியடிகள் சொன்னதாகப் பலரும் எழுதுகிறார்கள். மூல அறிக்கையின் நகல் கைக்கு வந்த பிறகே அதைப் பலகையில் பொறிக்க வேண்டும். கல்லிலும் உலோகத்திலும் ஏறிய வாசகத்தைப் பிள்ளைகள் அப்படியே நோட்டில் எழுதிக்கொண்டு போவார்கள்.

பலகை விஷயத்தில் வழக்கமாக எங்கே கெட்டுப்போகிறது என்பதையும் சொல்லிவிடுகிறோம். பிளெக்ஸ் வேண்டவே வேண்டாம். இந்த ஊர் வெயிலில் ஓரிரு ஆண்டுகளில் வெளுத்து, மடிப்பில் கிழிந்துவிடும். கிரானைட்டில் வெட்டி வண்ணம் பூசினால், வண்ணம் உதிர்ந்ததும் எழுத்து கல்லோடு கலந்து மறைந்துபோகும். 304 தர ஸ்டெயின்லெஸ் ஸ்டீல் தகடு, 1.5 மி.மீ. கனம், 4 அடிக்கு 3 அடி அளவு, எச்சிங் செய்து (எழுத்தை அரித்துக் குழிவாக்கி) கறுப்பு எனாமல் நிரப்பியது போதும். பளபளப்பான தகட்டில் வெயில் பட்டால் கண் கூசும், அதனால் மேட் பினிஷ்தான் வேண்டும். வாசகம் 150 சொல்லுக்கு மேல் போகக் கூடாது. தலைப்பு எழுத்து 40 மி.மீ., உள்ளடக்கம் குறைந்தது 12 மி.மீ. உயரம். அதைவிடச் சிறிதாக்கினால் எனாமல் நிரப்பும்போது புள்ளி அடைத்துக்கொண்டு, கண்ணம்மாள் என்ற பெயர் ‘கணணமமாள’ என்று நிற்கும். வாசகத்தை யூனிகோடில் தட்டச்சு செய்து, கோரல்டிரா வரைகலை மென்பொருளில் கர்வ் ஆக, அதாவது எழுத்துருவைச் சாராத வரைகோடுகளாக, மாற்றிய பிறகே பட்டறைக்கு அனுப்ப வேண்டும். அப்படியே அனுப்பினால் அங்குள்ள கணினியில் எழுத்துரு மாறி, ஒற்றைக்கொம்பு ஒரு பக்கமும் எழுத்து ஒரு பக்கமுமாகப் போய்விடும். தகடு வெட்டுவதற்கு முன் அதே அளவில் காகிதத்தில் அச்சிட்டு, அதே இடத்தில் தொங்கவிட்டு, ஆறடி தள்ளி நின்று இருவர் வாய்விட்டுப் படித்துப் பார்க்க வேண்டும்.

நினைவு இல்லத்தின் பழைய சுவரில் துளையிடக் கூடாது. தனித் தூண் நட்டு, தகட்டின் அடி விளிம்பு தரையிலிருந்து 3 அடி உயரத்தில் இருக்குமாறு பொருத்தினால், பள்ளிப் பிள்ளைகளும் சக்கர நாற்காலியில் வருவோரும் படிக்கலாம்.

ஆவணங்களைத் தேடுவதில் ஒரு சிக்கல் உண்டு. ஈரோடு தனி மாவட்டமானது 1979-இல்தான், அதுவும் பெரியார் மாவட்டம் என்ற பெயரில். ஆகவே சென்னை எழும்பூரில் உள்ள தமிழ்நாடு ஆவணக் காப்பகத்தில் ஈரோடு மாவட்டம் என்று கேட்டால் 1921 கோப்பு எதுவும் கிடைக்காது. கோயம்புத்தூர் மாவட்டத்தின் பெயரில், கள்ளுக்கடை ஏலத்தைக் கவனித்த ஆப்காரி துறைக் கோப்புகளையும் காவல்துறை அறிக்கைகளையும் கேட்க வேண்டும். வைக்கம் அன்று திருவிதாங்கூர் சமஸ்தானத்தில் இருந்ததால், அந்தக் கோப்புகளுக்குக் கேரள அரசின் ஆவணக் காப்பகத்துக்குத் தங்கள் அலுவலகத்திலிருந்து கடிதம் போக வேண்டும்.

ஊரில் நூலகங்களிலும் வீடுகளிலும் உள்ள பழைய ‘குடிஅரசு’ இதழ்களின் தாள் அமிலம் ஏறி, தொட்டால் ஓரம் நொறுங்கும் நிலையில் இருக்கும். அவற்றுக்கு லேமினேஷன் போடுவதும் செல்லோடேப் ஒட்டுவதும் கெடுதல். தட்டையான ஸ்கேனரில் கவிழ்த்து அழுத்தினால் தையல் பிரிந்துவிடும். மேலிருந்து படமெடுக்கும் ஸ்கேனரில், 400 டிபிஐ (அங்குலத்துக்கு 400 புள்ளி) அளவில், வண்ணத்தில் எடுக்க வேண்டும். 1935-இல் பெரியார் எழுத்துச் சீர்திருத்தத்தைக் கையாளத் தொடங்குவதற்கு முந்தைய இதழ்களில் ணை, லை, றா, னா போன்றவை பழைய வடிவில் இருப்பதால், கணினி அவற்றைத் தப்பும் தவறுமாகப் படிக்கும். எனவே தலைப்பு, நாள், பக்கம், பெண்களின் பெயர்கள் அடங்கிய அட்டவணையைக் கையால் தட்டச்சு செய்தே ஆக வேண்டும். அந்தப் பணியை ஊதியம் எதுவும் பெறாமல் நாங்களே செய்து தருகிறோம்.

செய்தி மக்கள் தொடர்புத் துறையும் பொதுப்பணித் துறையும் இணைந்து இடத்தைப் பார்வையிட்டு மதிப்பீடு தயாரிக்க உத்தரவிடுமாறும், வாசகத்தை இறுதி செய்யும் கூட்டத்துக்கு எங்களில் இருவரை அழைக்குமாறும் பணிவுடன் கேட்டுக்கொள்கிறோம்.

இப்படிக்கு,
மனுதாரர்கள்

இணைப்பு: பலகைக்கான மாதிரி வாசகம், அளவு வரைபடம்.