கடைமடைக்கு ஓர் அத்தியாயம் பாக்கி: ‘ஏழ்மடை நாடு’ எழுத்துக் குழுவினருக்குத் திறந்த மடல்

அன்புடையீர், வணக்கம்.

உங்கள் ‘ஏழ்மடை நாடு’ கற்பனைக் கதையின் ஐந்தாம் பாகத்தில், கடைசிப் பக்கத்தில் ‘முற்றும்’ போட்டுவிட்டீர்கள். தலைமடையில் முடிசூட்டு விழாவும் சிறப்பாக நடந்து முடிந்தது. எல்லாம் சரி, குறிசொல்லும் கோடாங்கியின் வாக்கு என்ன ஆயிற்று? “ஏழு மடையும் ஒருசேரத் திறக்கும் நாளில் கடைமடைக்காரி முதல் நாற்றை நடுவாள்” என்று முதல் பாகத்தில் உடுக்கடித்துச் சொல்லவைத்தவர்கள் நீங்கள்தான். ஐந்தாம் பாகத்தில் அந்தப் பேச்சே இல்லை. ‘கடைசியில கடைமடைய மறந்துட்டாவளே’ என்பதுதான் திருநெல்வேலிச் சீமையில் இதை வாசித்து முடித்தவர்கள் எல்லாரும் சொல்வது. நாங்கள் கேட்பது ஒன்றே ஒன்று. அந்த வாக்கு பலித்ததா பொய்த்ததா என்று சொல்ல ஓர் அத்தியாயம் எழுதுங்கள்.

பலித்தே ஆக வேண்டும் என்று நாங்கள் அடம்பிடிக்கவில்லை. குறி பொய்ப்பது உலகத்தில் நடக்காததா? பொய்த்தால், பொய்த்தது என்று கதைக்குள் யாராவது ஒருவர் வாய்திறந்து சொல்ல வேண்டும். கோடாங்கி உடுக்கையைக் கீழே வைக்க வேண்டும். இங்கே அவர் நாலாம் பாகத்தோடு காணாமலே போய்விட்டார்.

வாக்கு சாதாரணமானதாக இருந்தால் விட்டிருப்போம். இது நுட்பமான வாக்கு. ஆற்றில் அளவாகத் தண்ணீர் வரும்போது மேலே உள்ள ஆறு மடைகளையும் திறந்துவிட்டால் ஏழாவது மடைக்கு ஈரமணல்தான் மிஞ்சும். தாமிரபரணியில் கோடைமேலழகியானில் தொடங்கி ஸ்ரீவைகுண்டம் வரை எட்டு அணைக்கட்டுகள். மேலே எடுத்ததுபோக மிச்சம்தான் கீழே. தட்டுப்பாடு வந்தால் முறைவைத்துத்தான் விட முடியும், ஒருசேரத் திறக்க முடியாது. அப்படித் திறந்தும் கடைமடை நனைய வேண்டுமென்றால் இரண்டே வழி. வெள்ளம் வந்து குளமெல்லாம் பெருகி மறுகால் பாய வேண்டும், அல்லது ஒவ்வொரு மடைக்காரனும் தன் மதகுப் பலகையைக் கொஞ்சமாகத் தூக்கி நிறுத்த வேண்டும். மூன்றாம் பாகத்தில் ஆறாம் மடைக்காரன் தன் பலகையில் நாலு விரற்கடை உயரத்தில் கரிக்கோடு போட்டானே, அதைப் படித்தபோது நிமிர்ந்து உட்கார்ந்தோம். ஏழு பேரும் அந்தக் கரிக்கோட்டில் நிறுத்தினால் வாக்கு பலித்துவிடும். போரும் வேண்டாம், உங்கள் கதையில் வரும் பறவைநாகமும் வேண்டாம். கோடு போட்டவர்களும் நீங்கள்தான், மறந்தவர்களும் நீங்கள்தான்.

எங்களுக்கு ஆறவே ஆறாதது கடைமடைக் கிழவியின் விதைக்கோட்டை, அதாவது வைக்கோலில் பொதிந்து கட்டிய விதைநெல். வாக்கு கேட்ட அன்று அவள் உத்தரத்தில் கட்டித் தொங்கவிட்டது, கதைக்கணக்கில் பன்னிரண்டு வருடமாக அப்படியே தொங்குகிறது. நாலாம் பாகத்துப் பஞ்சத்தில் பேரன் அதையே அண்ணாந்து பார்த்தபடி பட்டினியில் சாகிறான். அவள் அவிழ்க்கவில்லை. விதைநெல், வாக்குக்கு உரியது. அந்தப் பக்கத்தை எழுதிய கை ‘முற்றும்’ என்றும் எழுதியிருக்கிறது.

அதில் இன்னொரு பிழையும் இருக்கிறது. விதைக்கோட்டை என்றால் சும்மா மூட்டை இல்லை. பல்லில் வைத்துக் கடித்தால் ‘டக்’கென்று உடைகிற அளவுக்கு நெல்லைக் காயவைக்க வேண்டும். இன்றைய கணக்கில் ஈரப்பதம் 13 சதவீதத்தைத் தாண்டக் கூடாது. வைக்கோல் பரப்பி நடுவில் நெல்லைக் கொட்டி, நொச்சி இலையும் வேப்பிலையும் போட்டு, பிரியால் இறுக்கிச் சுற்றி, மேலே சாணி மெழுகி உலரவைக்க வேண்டும். எவ்வளவு பக்குவமாகக் கட்டினாலும் அடுத்த விதைப்பு வரைதான் அதை நம்பலாம். மழைக்காலம் இரண்டு தாண்டினால் நெல் ஈரம் இழுக்கும், அந்துப்பூச்சி விழும், முளைப்பு குறைந்துகொண்டே போகும். வீட்டு உத்தரத்தில் பன்னிரண்டு வருடம் தொங்கிய நெல்லை நாற்றங்காலில் போடுவதும் உமியைப் போடுவதும் ஒன்று.

அப்படியானால் கிழவி வருடாவருடம் விதையைப் புதுப்பித்திருக்க வேண்டும். முட்டை மிதக்கிற அளவு உப்புக் கரைத்த தண்ணீரில் நெல்லைப் போட்டு, மிதக்கிற பதரை அரித்தெடுத்து, அடியில் தங்கியதை உப்புப் போக நல்ல தண்ணீரில் அலசி, ஒரு நாள் ஊறவைத்து, இன்னொரு நாள் ஈரச்சாக்கில் மூட்டம் போட்டு, முளை தலைகாட்டியதும் கிணற்றடியில் ஒரு பாய் அகலத்துக்குப் பாவி, நட்டு, அறுத்து, மறுபடி கோட்டை கட்ட வேண்டும். இப்படிப் பன்னிரண்டு தடவை. அத்தனையையும் செய்துவிட்டு அதில் ஒரு மணி கூடப் பேரன் வாயில் போடாதவள் அவள். நாலே வரியில் எழுதியிருக்கலாம். காத்துக்கிடப்பதில் எவ்வளவு வேலை இருக்கிறது என்பது தெரிந்திருக்கும்.

ஆனால் முடிசூட்டுப் பந்திக்கு மூன்று அத்தியாயம் கிடைத்திருக்கிறது. பறவைநாகம் வேளைக்கு எத்தனை ஆடு தின்னும் என்பதற்குக்கூடக் கணக்கு இருக்கிறது. கடைமடைக்கு மட்டும்தான் காகிதத் தட்டுப்பாடு! ‘கடைமடை வரை தண்ணீர் போகும்’ என்று சொல்லிவிட்டுத் தலைமடையில் பூத்தூவிப் படம் பிடித்துக்கொண்டு திரும்புகிறவர்களை வெளியிலும்தான் பார்க்கிறோம். கற்பனை நாட்டிலுமா? மன்னிக்கவும், அந்தக் கோபம் உங்கள் தலையில் விடிய வேண்டியதல்ல.

எங்கள் பக்கம் கன்னடியன் கால்வாய்க்கு ஒரு கதை சொல்வார்கள். பசு போகிற வழியே வெட்டு என்று அகத்தியர் சொன்னாராம். அது நடந்த தடம் வாய்க்காலாயிற்று, படுத்த இடம் குளமாயிற்று. கதையை நம்பாதவர்களும் அந்தக் கால்வாய்த் தண்ணீரில்தான் வயல் பாய்ச்சுகிறார்கள். கோடாங்கி வாக்குக்கு அப்படி ஒரு தடம் கேட்கிறோம். கார் நெற்பருவம் தவறினால் அடுத்த பிசானப் பருவம் என்று பழகியவர்கள் நாங்கள், ஆகவே உடனே வேண்டும் என்று சொல்லவில்லை. ஆனால் அந்த அத்தியாயம் வேண்டும்.

எழுதும்போது தயவுசெய்து கிழவி கோட்டையை அவிழ்த்ததும் நூறு நெல்லை எண்ணி ஈரத்துணியில் முடிந்துவைக்கட்டும். எண்பதுக்குக் குறையாமல் முளைத்தால் மேலே எழுதுங்கள். ஒன்றுகூட முளைக்கவில்லையென்றால், அவள் துணியைப் பிரித்துப் பார்க்கிறதை எழுதுங்கள்.

இப்படிக்கு,
கடைமடை வாசகர்கள்,
திருநெல்வேலிச் சீமை