ஒரே நாளை இரண்டு முறை எடுத்தவர்

அன்புள்ள நண்பா,

உன் கடிதம் கிடைத்தது. மகளுக்கு மாற்றல் கிடைத்ததில் மகிழ்ச்சி; இனி நீ வாரம் தவறாமல் பஸ் பிடிக்க வேண்டியதில்லை. இங்கே அனைவரும் நலம். என் முழங்கால் மட்டும் சொன்ன பேச்சைக் கேட்பதில்லை. அதனால் மாலை நடை நின்றுபோய், படம் பார்ப்பது கூடிவிட்டது.

கொரிய இயக்குநர் ஹாங் சாங்-சூவின் படத்தைப் பார்த்துவிட்டு, ‘நாலு பேர் உட்கார்ந்து சோஜு குடித்துக்கொண்டே பேசுகிறார்கள், இதற்கொரு படமா?’ என்று கேட்டிருந்தாய். கொரியப் படம் என்றாலே கத்தியும் பழிவாங்கலும் என்று பழகிவிட்ட நமக்கு அப்படித்தான் தோன்றும். 1996இல் முதல் படம் எடுத்தவர், இதுவரை முப்பதைத் தாண்டிவிட்டார். பெரும்பாலானவற்றில் ஓர் இயக்குநரோ எழுத்தாளரோ வருவார். ஒரு மேசை, சோஜு மதுவின் பச்சை பாட்டில்கள், அசட்டுப் பேச்சு.

‘ரைட் நவ், ராங் தென்’ (2015) பார். சுவோன் நகருக்கு ஒரு நாள் முன்னதாகவே வந்துவிட்ட இயக்குநர், ஓவியம் வரையும் பெண் ஒருத்தியைச் சந்திக்கிறார். பாதிப் படத்தில் அதே நாள் மறுபடி முதலிலிருந்து தொடங்குகிறது. முதல் முறை அவள் ஓவியத்தை வாய் நிறையப் புகழ்கிறார். இரண்டாம் முறை மனத்தில் பட்டதைச் சொல்லிவிட, அவளுக்குச் சுருக்கென்று தைக்கிறது. ஆனால் அந்த இரண்டாம் நாளில்தான் இருவரும் உண்மையாக நெருங்குகிறார்கள். ஒரு புகழுரையின் பொய், நாள் முழுவதையும் எப்படிக் கெடுக்கிறது பார்! லொகார்னோ திரைப்பட விழாவில் முதல் பரிசான தங்கச் சிறுத்தை வாங்கிய படம்.

படப்பிடிப்பு நாளன்று காலையில்தான் வசனம் எழுதுவாராம். வெட்டாமல் நீளும் காட்சி, நடுவே திடீரென்று ஒரு ஜூம். ‘தி உமன் ஹூ ரான்’ படத்தில் தெருப்பூனைக்குச் சோறு போடுவது பற்றிப் பக்கத்து வீட்டுக்காரர் வாசலில் நின்று மகா மரியாதையாகச் சண்டை போடுகிறார். முடிந்ததும் ஜூம் பூனையிடம் போய் நிற்கிறது. நான் வாய்விட்டுச் சிரித்தேன். பெர்லின் திரைப்பட விழாவில் 2020இல் சிறந்த இயக்குநர் விருது அந்தப் படத்துக்குத்தான்.

இப்போது ஒளிப்பதிவு, படத்தொகுப்பு, இசை எல்லாம் அவரே. செலவு சுருங்கச் சுருங்க, யாரையும் கேட்காமல் எடுக்க முடிகிறது. அதனால்தான் 2023இல் ‘இன் வாட்டர்’ படத்தைப் பெரும்பாலும் மங்கலாகவே எடுக்கத் துணிந்தார். எனக்கு அது கண்வலிதான். வேறொருவர் பணம் போட்டிருந்தால் விட்டிருப்பாரா?

சுவோன் படத்தை முழுவதும் பார்த்துவிட்டு எழுது. பாதியில் அணைத்துவிடாதே, உன் குணம் எனக்குத் தெரியும். திட்டுவதானாலும் விரிவாகத் திட்டு.

அன்புடன்,
உன் பழைய அறைத்தோழன்